காலத்தை மாத்துற வாத்தியங்கள்: என் மலைக்கதையில விதி எங்கயோ உடையுது, வழி சொல்லுங்க

கோத்தகிரி_மூடுபனி:

எல்லாருக்கும் வணக்கம். நான் கோத்தகிரி பக்கம். ரெண்டு வருஷமா ஒரு மாயக்கதை தொடர் எழுதிட்டு இருக்கேன், 14 அத்தியாயம் முடிஞ்சிருக்கு. கதை நடக்கறது நிஜ நீலகிரியில இல்ல, முகில்நாடுன்னு நானா கட்டின மலைநாடு, ஆனா சோலைக்காடும் புல்வெளியும் மத்தியானம் மூணு மணிக்கெல்லாம் பள்ளத்துல இருந்து ஏறி வந்து வாசல்ல நிக்கற மூடுபனியும் எங்க ஊர்ல இருந்து அப்படியே எடுத்ததுதான்.

அந்த நாட்டுல மூணு வாத்தியம் காலத்தைத் தொடும். குழல் ஊதினா சுத்தி இருக்கறது எல்லாம் மெதுவாயிரும். முழவு அடிச்சா வேகமாயிரும். யாழ் மீட்டினா பின்னாடி போயிரும். நாயகி பேரு தும்பை, மூணையும் வாசிக்கத் தெரிஞ்ச ஒரே ஆளு. ஆரம்பத்துல எழுத ரொம்ப நல்லா இருந்துச்சு. 9ஆவது அத்தியாயத்துல அவ அப்பா சாகறாரு, அழுதுகிட்டேதான் எழுதினேன், படிச்சவங்களும் நல்லா இருக்குன்னாங்க.

போன மாசம் எங்க சித்தி பொண்ணு, ஒம்பதாவது படிக்கறா, முழுசா படிச்சு முடிச்சுட்டு ஒரே ஒரு கேள்விதான் கேட்டா. "அக்கா, அவங்க அப்பா செத்தப்ப தும்பை ஏன் யாழை எடுக்கல?" எனக்கு பதில் வரல. யாழ் நரம்பு அறுந்திருந்துச்சுன்னு ஒரு வரி சேர்த்தேன், அப்ப வேற நரம்பு கட்டிட்டு வாசிச்சிருக்கலாமேங்கறா. சரி, ஒவ்வொரு தடவை வாசிக்கறப்பவும் ஆயுசுல ஒரு வருஷம் போகும்னு விலை வச்சேன், அதுவும் ஒட்டல, எங்கயோ கடையில வாங்கிட்டு வந்து ஒட்டின மாதிரி இருக்கு. பெத்த அப்பனுக்காக ஒரு வருஷம் குடுக்க மாட்டாளா ஒருத்தி?

நான் என்ன உணர்வைக் கொண்டு வரணும்னு நினைக்கறேன்னா, நாங்க கேரட் போடுறவங்க, அறுவடைக்கு நடுராத்திரியில இறங்கணும், தலையில லைட்டைக் கட்டிக்கிட்டு பிடுங்கி, கழுவி, மூட்டை புடிச்சு, மேட்டுப்பாளையம் மண்டிக்கு லாரி ஏத்தணும். அந்த ராத்திரி மத்த ராத்திரி மாதிரி ஓடாது. குனிஞ்சா ஒரு யுகம், நிமிர்ந்தா விடிஞ்சிருக்கும். விரல் மரத்துப் போயி கேரட் தழையா என் விரலான்னே தெரியாது. யாராவது ஒருத்தர் மெல்லப் பாட்டு எடுத்தாங்கன்னா வரிசை முடியறதே தெரியாம முடியும். காலத்தை மாத்துற வாத்தியம்னு எனக்குத் தோணினதே அங்கதான். அது கதையில வரவே இல்ல, வெறும் ரிமோட் மாதிரி ஆயிருச்சு, நிறுத்து, ஓட்டு, பின்னாடி போ.

விதியை எப்படி வைக்கலாம், விலை என்னவா இருக்கலாம், எந்த வாத்தியம் எதைச் செய்யணும், விவரம் தெரிஞ்சவங்க கொஞ்சம் சொல்லுங்க. 14 அத்தியாயத்தையும் திருப்பி எழுதறதுக்கும் தயார்தான்.


தாண்டிக்குடி_வாத்தியார்:

ஏம்மா மூடுபனி, சித்தி மகள் கேட்டது சரியான கேள்வி, அந்தப் பிள்ளைய எழுதச் சொல்லு.

நான் பழனி மலையில கீழ்ப்பக்கம், பள்ளிக்கூடத்துல தமிழ் நடத்தி ஓய்வு பெற்றவன். எனக்குத் தோணுறதைச் சொல்றேன். நீ காலத்தை ஒரு பொதுவான சரக்கா வச்சிருக்க, எந்த ஊர்லயும் ஒரே மாதிரி ஓடுற தண்ணி மாதிரி, அதை ஒரு வாத்தியம் அடைக்கும் ஒரு வாத்தியம் திறக்கும்னு. நம்ம மரபுல காலம் அப்படிக் கிடையாது. தொல்காப்பியத்துல முதற்பொருள்னா நிலமும் பொழுதும், ரெண்டும் சேர்ந்துதான். மலைன்னு சொன்னா அதோட பெரும்பொழுது, அதாவது பருவம், கூதிர்ங்கற குளிர்காலமும் முன்பனியும், சிறுபொழுது, அதாவது நாள்ல ஒரு நேரம், யாமம்ங்கற நடுராத்திரி. காட்டுக்கு மாலை, வயலுக்கு வைகறை, கடற்கரைக்குப் பொழுது சாயற எற்பாடு, பாலைக்கு நண்பகல். அதுக்கு அப்புறம் கருப்பொருள்னு ஒரு பட்டியல் வரும், தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை, அதுலயே பறையும் யாழும் இருக்கு. எந்தப் பறைன்னு பேர் சொல்றது பின்னால வந்த நம்பி அகப்பொருள் மாதிரி நூல்ல, குறிஞ்சிக்குத் தொண்டகப் பறைன்னு. அதாவது ஒவ்வொரு நிலத்துக்கும் ஒரு பொழுது, ஒரு பறை, ஒரு யாழ், ஏற்கனவே கட்டி வச்சிருக்காங்க. நீ புதுசா எதையும் கண்டுபிடிக்க வேண்டாம், அந்தக் கட்டை உண்மைன்னு எடுத்துக்கிட்டாலே உன் மாயம் வந்துருச்சு.

எப்படின்னா, குறிஞ்சி யாழை எங்க வாசிச்சாலும் அங்க யாமம் வரும். நட்ட நடு வெயில்ல வயல்காட்டுல வாசிச்சாலும் அந்த இடத்துல நடுராத்திரியும் பனியும் இறங்கும். அது பின்னாடி போறதும் இல்ல, முன்னாடி போறதும் இல்ல, அந்த நிலத்தோட பொழுதைக் கூப்பிடுறது. யாமம்னா 10 நாழிகை, ஒரு நாழிகை 24 நிமிஷம், மொத்தம் 4 மணி நேரம், ராத்திரி 10ல இருந்து 2 வரைக்கும். உன் கேரட் அறுவடை ஆரம்பிக்கிற நேரமும் அதுதானேம்மா. நீ தேடுற காலம் உன் காட்டுலயே இருக்கு.

அப்புறம் அகநானூறு 102ஆம் பாட்டு. தினைக்காட்டுல பரண் மேல காவல்காரன் கள்ளைக் குடிச்சுட்டு மயங்கிக் கிடக்கான். அவன் பொண்டாட்டி கூந்தலை விரல்ல கோதி உலர்த்திக்கிட்டே குறிஞ்சிப் பண் பாடுறா. தினை மேய வந்த யானை கதிரையும் எடுக்கல, நின்ன இடத்தை விட்டும் நகரல, தூக்கமே வராத கண்ணு, நின்னபடியே தூங்கிப்போகுது. இதை நான் 30 வருஷம் வகுப்புல சொல்லியிருக்கேன், ஒவ்வொரு தடவையும் அந்த இடத்துல பிள்ளைங்க பேச்சு நின்னுரும். காலம் நிக்கறதை இதுக்கு மேல யாரு எழுத முடியும்? கவனிச்சுப் பாரு, உலகம் முழுசும் நிக்கல. ஒரு யானைதான் நின்னுச்சு. கேக்குறது எதுவோ அதுக்கு மட்டும்தான் காலம் நிக்கும். காது கேக்காத கிழவி ஒருத்தி அந்த வழியா நடந்து போனா அவளுக்கு ஒண்ணும் ஆகாது. இந்த ஒரு விதியை வச்சாலே உனக்கு ஒம்பது அத்தியாயம் கிடைக்கும்.

விலை பத்தி ஒண்ணு. ஆயுசுல ஒரு வருஷம்ங்கறது வெறும் எண். நம்ம மலைக்குன்னு ஒரு கணக்கு இருக்கு, குறிஞ்சிப் பூ, 12 வருஷத்துக்கு ஒருக்கா, 2006ல பூத்துச்சு, 2018ல பூத்துச்சு, அடுத்தது 2030. பூத்து விதை போட்டதும் செடி காஞ்சு போகும். பளியர்கள் தங்களோட வயசையே குறிஞ்சிப் பூப்பை வச்சுத்தான் எண்ணுனாங்கன்னு சொல்லுவாங்க. மூங்கில் இன்னும் பெரிய கணக்கு, ஒரு சிலது 40 வருஷத்துக்கு மேல காத்திருந்து கூட்டமாப் பூத்துட்டு கூட்டமாச் சாகும். உன் குழல் எந்த மூங்கில்ல வெட்டினது, பூக்கறதுக்கு முன்னாடியா, பூத்துச் செத்த புதர்லயா? ரெண்டும் ஒரே காலத்தை ஊதாது.


சீவாளி:

வாத்தியார் அய்யா சொன்னது எழுத்துப் பக்கம். நான் வாசிக்கற பக்கம் இருந்து சொல்றேன் தங்கச்சி. எங்களுது நாதஸ்வரக் குடும்பம், பூர்வீகம் பழனி அடிவாரம், இப்ப கொடைக்கானல்ல இருக்கோம், கல்யாணம் காதுகுத்து கோயில்னு ஓடுது.

முதல்ல ஒண்ணு, எங்க தொழில்ல வேகத்துக்குப் பேரே காலம்தான். முதல் காலம், ரெண்டாம் காலம், மூணாம் காலம்னு சொல்லுவோம். ரெண்டாம் காலம்னா ரெட்டிப்பு, மூணாம் காலம்னா நாலு மடங்கு. இங்கதான் கவனிக்கணும், தாளம் மாறவே மாறாது. தாளம் போடறவர் கை அதே இடத்துல அதே நிதானத்துல விழும், ஒரு தட்டுக்குள்ள ஒரு சுரம் போன இடத்துல நாலு சுரம் போகும், அவ்வளவுதான். அதனால உன் கதையில வாத்தியம் உலகத்தோட தாளத்தை மாத்தறதா வைக்காத, அது யாராலயும் ஆகாது. ஒரு தட்டுக்குள்ள எவ்வளவு நுழைக்க முடியும்ங்கறதுதான் வாசிக்கறவன் கையில இருக்கு. தும்பை மூணாம் காலம் வாசிச்சா ஊருக்கு ஒரு ராத்திரி ஆகறப்ப அவளுக்கு நாலு ராத்திரி ஆகும். நாலு ராத்திரி வேலை முடிச்சிருவா, ஆனா நாலு ராத்திரிப் பசி, நாலு ராத்திரி முழிப்பு, நாலு ராத்திரி வயசு. விலையைத் தனியா கொண்டு வந்து வைக்க வேண்டியதே இல்ல, வாசிப்புக்குள்ளயே இருக்கு. நாலு முகூர்த்தம் சேர்ந்து வர்ற வாரத்துல எங்க அப்பா கன்னத்தைப் பாத்தா உனக்குப் புரியும், ஊதி ஊதி வீங்கி சாப்பாடு மெல்ல முடியாது.

இன்னொண்ணு, தாளம் போட இன்னொரு ஆளு வேணும். அவ உள்ள எவ்வளவு வேகமா ஓடினாலும் திரும்பி வந்து சேர்றதுக்கு ஒரு தட்டு வேணும்ல, அதைப் பிடிச்சு வச்சிருக்கறது அந்த ஆளு. அவரு தவறவிட்டா அவ எந்த ராத்திரிக்குத் திரும்புவா? பாட்டு ஆரம்பிக்கற இடத்தை எடுப்புன்னு சொல்லுவோம், அதுல மூணு வகை உண்டு, பாட்டும் தாளமும் ஒண்ணா ஆரம்பிச்சா சமம், பாட்டு முன்னாடி ஆரம்பிச்சா அதீதம், தாளம் விழுந்து அப்புறமா பாட்டு வந்தா அனாகதம். கதையில இதை அப்படியே வச்சுக்கலாம், அதீதத்துல எடுத்தா நேத்தைக்குக் கொஞ்சம், அனாகதத்துல எடுத்தா நாளைக்குக் கொஞ்சம், அதுவும் ஒரு அட்சரம், அதாவது தாளத்துல ஒரு எண்ணிக்கை அளவுதான், வாழ்க்கை அளவு இல்ல. ஒரு அட்சரம் போதும், கதவைத் தட்டறதுக்கு முன்னாடியே திறக்க.

வாத்தியம் எதால செஞ்சதுன்னும் யோசி. நாதஸ்வரத்துக்கு ஆச்சா மரம், அதுவும் பச்சை மரம் உதவாது, பழைய வீட்டு உத்திரம், தூண், இப்படி 70, 80 வருஷம் நின்ன கட்டையாப் பாத்து வாங்கித்தான் கும்பகோணம் பக்கம் நரசிங்கம்பேட்டையில கடையுவாங்க. ஒரு வீட்டோட கல்யாணம், பிரசவம், சாவு எல்லாத்தையும் தாங்கி நின்ன மரம். அதுல காத்தை விட்டா என்ன வரும்னு நீயே எழுதிக்க.

மலையில குளிருக்கு சுருதி இறங்கும், இதையும் சேத்துக்க. 25 டிகிரியில ஒலி நொடிக்கு சுமார் 346 மீட்டர் போகும், 5 டிகிரியில 334 மீட்டர்தான், குழலுக்குள்ள இருக்கற காத்து சூடேறுற வரைக்கும் பாதி சுரத்தானத்துக்கு மேலயே கீழ நிக்கும். டிசம்பர் மாசம் விடியக்காலம் கோயில்ல பூபாள ராகம் எடுக்கறப்ப முதல் பத்து நிமிஷம் எங்க அப்பா நாதஸ்வரத்துல ஊதற முனையில இருக்கற சீவாளியை வாயிலயே வச்சு எச்சில்ல நனைச்சு, மெதுவா காத்து மட்டும் விட்டுக்கிட்டே நிப்பாரு. சத்தம் வராது. கேக்கறவங்களுக்கு ஒண்ணும் நடக்கலைன்னு தோணும். அந்தப் பத்து நிமிஷம்தான் எனக்கு முழு வாசிப்பையும் விடப் பெருசு.


லயத்துக்காரி:

சீவாளி அண்ணா, உங்க பாட்டுல தாளத்தோட ஓட்டத்தை லயம்னு சொல்லுவீங்க, அது வேற, எங்க வீட்டுல லயம்னா தோட்டத்துல வரிசையா கட்டின வீடு, அதான் என் பேரு. எங்க பாட்டி தாத்தா 1964 ஒப்பந்தத்துக்கு அப்புறம் இலங்கையில இருந்து வந்தவங்க, இப்ப குந்தா பக்கம் தேயிலையிலதான் இருக்கோம்.

மூடுபனி அக்கா, நீங்க ஒரு விஷயத்தைக் கேக்கவே இல்ல, வாத்தியம் யாரோடது? தும்பை கையில இருக்கு, சரி, யாருக்காக வாசிக்கறா, யாரு வாசிக்கச் சொல்றாங்க? எங்க பாட்டி சொல்லுவாங்க, அங்க தோட்டத்துல இருட்டோட தப்புப் பறை அடிப்பாங்களாம், பெரட்டுக்கு, அதாவது காலையில பேர் கூப்பிட்டு வேலை பிரிக்கறதுக்கு, எழுப்ப. தப்பு அடிச்சாத்தான் விடியும்னு சின்னப் பிள்ளையில நம்பிட்டு இருந்தாங்களாம், சூரியனுக்கும் விடியலுக்கும் சம்பந்தம் இருக்குன்னு அப்புறமாத்தான் தெரிஞ்சுதாம். தப்பு அடிக்கறவரும் அதே லயத்துல இருக்கறவருதான், அவரு எல்லாருக்கும் முன்னாடி எந்திரிச்சு பறையைக் காய்ச்சணும், அவருக்கு யாரு தப்பு அடிச்சு எழுப்பினாங்க? இதைப் பாட்டி கேட்டுட்டு அப்படியே அடுப்பைப் பாத்துக்கிட்டு இருப்பாங்க. அசாம் தேயிலைத் தோட்டத்துல இன்னைக்கும் கடிகாரம் ஊர் நேரத்தை விட ஒரு மணி நேரம் முன்னாடி வச்சிருப்பாங்க, பாகான் டைம்னு பேரு. நேரம்ங்கறது சும்மா தானா ஓடுறது இல்ல அக்கா, யாரோ ஒருத்தர் வச்சிருக்காங்க.

இங்க நம்ம பக்கம் ஃபேக்டரியில ஊதறதுக்கு என்ன பேரு? சங்கு. காலையில சங்கு ஊதினா வேலைக்குப் போகணும், சாயந்திரம் சங்கு ஊதினா கூடையை இறக்கலாம். பிறந்த குழந்தைக்குப் பாலு ஊத்தறதும் சங்குலதான், கடைசியா தூக்கிட்டுப் போறப்ப ஊதறதும் சங்குதான். எங்க தாத்தா செத்த அன்னைக்கு வீட்டு வாசல்ல ஒருத்தர் சங்கு ஊதிட்டு இருக்கறப்பவே கீழ ஃபேக்டரியில எட்டு மணிச் சங்கு ஊதுச்சு. நான் ஏழாவது படிச்சிட்டு இருந்தேன். அங்க நின்னவங்கள்ல பாதிப் பேரு ஒரு நிமிஷம் திரும்பி ஃபேக்டரியைப் பாத்தாங்க, பழக்கத்துல, அப்புறம் தாத்தா பக்கம் திரும்பினாங்க. எனக்கு அது மறக்கவே மாட்டேங்குது. காலத்தை மாத்துற வாத்தியம்னா எனக்கு அதுதான். உங்க கதையில நாலாவதா ஒரு சங்கு வைங்க, அதை யாரும் மாயம்னு நினைக்கவே கூடாது, தினமும் ஊதும், எல்லாரும் அதுக்குக் கீழ்ப்படிவாங்க.

முழவு பத்தியும் சொல்லணும். சமவெளியில எழுதறவங்க யாரும் இதை எழுத மாட்டாங்க, நம்ம மலையில தோல் வாத்தியத்துக்கு எதிரி பனிதான். மூடுபனி வந்தா தோல் ஈரத்தைக் குடிச்சு தொங்கிரும், அடிச்சா மரப்பலகை மாதிரி தொப்புன்னு கேக்கும். சருகைப் போட்டு, வைக்கோலைப் போட்டு தீ மூட்டி, பறையை அதுக்கு நேரா சுத்திச் சுத்திக் காட்டணும், விரலால சுண்டிப் பாக்கணும், கிண்ணுன்னு வரணும், கொஞ்சம் அதிகமாக் காட்டினா தோல் கிழிஞ்சிரும். கீழ ஊர்ல ஒரு தடவை காய்ச்சினா கொஞ்ச நேரம் தாங்கும், இங்க ராத்திரியில ரெண்டு அடி அடிச்சு நிறுத்தறதுக்குள்ள இறங்க ஆரம்பிச்சிரும், திரும்பத் தீக்கு ஓடணும். அப்ப தும்பையோட முழவுக்கு விலை விறகுதான். சூடு இருக்கற வரைக்கும் மாயம். விறகு தீர்ந்தா தீர்ந்துச்சு.

அப்புறம் வாத்தியார் அய்யா யாமத்தைக் கூப்பிடலாம்ங்கறாரு. கூப்பிட்ட யாமத்தை நீட்டினா என்ன ஆகும்னு மலையில இருக்கறவங்களைக் கேளுங்க. ஜனவரியில வானம் தெளிஞ்சு இருக்கற ராத்திரி, விடியறதுக்கு முன்னாடி உறைபனி கொட்டும். பள்ளத்துல இருக்கற தேயிலை எல்லாம் வெள்ளையா இருக்கும், வெயில் பட்டதும் ஒரே நாள்ல கருகி செம்பு நிறமாயிரும். சாயந்திரமே புல்லும் சருகும் போட்டு மூடி வைப்போம், ஸ்ப்ரிங்ளர் இருக்கறவங்க விடியக்காலம் தண்ணி அடிப்பாங்க. ஒரு ராத்திரிக்கே இந்தப் பாடு. தும்பை அவ அப்பாவுக்காக யாமத்தை இழுத்துப் பிடிச்சான்னா, பனி அவ வீட்டு மேல மட்டும் விழாது அக்கா. பக்கத்து வீட்டு உருளைக்கிழங்கு, அடுத்த வீட்டு தேயிலை, எல்லாம் போகும். விலையை அவ மட்டும் குடுக்கறதா ஏன் வைக்கறீங்க?


கோத்தகிரி_மூடுபனி:

லயத்துக்காரி, உங்க பதிலைப் படிச்சுட்டு வெளிய போய் கொஞ்ச நேரம் நின்னுட்டு வந்தேன். பக்கத்து வீட்டுத் தேயிலை. இது என் தலையில வரவே இல்ல. வாத்தியார் அய்யாவோட யானையும் சீவாளி அண்ணாவோட தாளக்காரரும் கண்டிப்பா வர்றாங்க.

ஒரு சந்தேகம், முகில்நாட்டு வாத்தியத்துக்கு எங்க ஊர் கோத்தர் பழங்குடியோட கொள்ங்கற ஊதுகுழல், அவங்க கொம்பு, பறை எல்லாத்தையும் எடுத்துக்கலாமான்னு ஒரு யோசனை. நீலகிரின்னா முதல்ல கேக்கறது அந்த சத்தம்தானே.


பெட்டட்டி_69:

இதுக்கு மட்டும் நான் பதில் சொல்றேன். கோத்தகிரின்னு நம்ம ஊருக்குப் பேரு வந்ததே அவங்களாலதான், நீலகிரியில அவங்களுக்கு ஏழு கிராமம். நாங்க படுகர், எங்க தாத்தா காலத்துக்கு முன்னாடி எங்க வீட்டுச் சாவுக்கு அவங்கதான் வந்து வாசிப்பாங்க, இரும்பு வேலையும் மண்பாண்டமும் அவங்களுதுதான். நான் அவங்க திருவிழாவுக்குப் போய் வெளிய நின்னு கேட்டிருக்கேன். கொள் ஊதறவர் மூச்சு விடற இடமே தெரியாது, மூக்கால இழுத்துக்கிட்டே கன்னத்துல இருக்கற காத்தை விட்டுட்டு இருப்பாரு, சத்தம் அறுபடாம சுத்திக்கிட்டே இருக்கும், சுத்தி ஆடறவங்க அடியும் அதோட சுத்தும்.

அவங்க கிட்ட சாமிக்கு ஒரு மெட்டு, சாவுக்கு ஒரு மெட்டு, ரெண்டும் கலக்காது. அந்தந்த நேரத்துக்கு உரியதை அந்தந்த நேரத்துலதான் வாசிக்கணும். ரிச்சர்ட் உல்ஃப்னு ஒரு அமெரிக்க இசை ஆராய்ச்சியாளர் அவங்களோட தங்கி, இசையும் காலமும் இடமும் அவங்க வாழ்க்கையில எப்படி ஒண்ணா இருக்குன்னு ஒரு புத்தகமே எழுதியிருக்காரு. அப்ப யோசிச்சுப் பாருங்க, நீங்க கற்பனையா தேடுறது அவங்களுக்கு நிஜம், நடந்துட்டு இருக்கறது. அதைக் கொண்டு போய் மாயப்பொருளா வச்சா எனக்கு சரியாப் படல. நேரத்துக்கு உரிய மெட்டை நேரம் தவறி வாசிக்கக் கூடாதுங்கற அந்த மரியாதையை மட்டும் எடுத்துக்கங்க, வாத்தியத்தை நீங்களே செய்யுங்க. அவங்க பேரையும் வாத்தியத்தையும் எழுதித்தான் ஆகணும்னா முதல்ல போய் அவங்க கிட்ட கேளுங்க, பஸ்ல அரை மணி நேரம்தானே.


வட்டக்கானல்_நடை:

நான் கொடைக்கானல்ல டூரிஸ்டுங்களைக் கூட்டிட்டுப் போற வேலை. ஒரு சின்ன யோசனை. எதிரொலிப் பாறையில எல்லாரும் கத்துவாங்க, பாறை 340 மீட்டர் தள்ளி இருந்தா சத்தம் போய் திரும்ப ரெண்டு செகண்ட் ஆகும். தினமும் கேக்கறதால எனக்கு அந்த ரெண்டு செகண்ட் உடம்புலயே பதிஞ்சிருச்சு. பனி அடர்த்தியா இருக்கறப்ப எதிர்ப் பாறையே தெரியாது, கத்தினவங்க குரல் வெள்ளைக்குள்ள இருந்து வரும், சின்னப் பிள்ளைங்க பயந்து அம்மா கையைப் பிடிச்சுக்கும். உங்க கதையில எதிரொலி முன்னாடி வரட்டும். தும்பை குழலை எடுக்கறதுக்கு முன்னாடியே எதிர் மலையில இருந்து அவ வாசிக்கப் போற பாட்டு வரும். அப்ப அவளுக்குத் தெரிஞ்சிரும், இன்னைக்கு ராத்திரி வாசிக்கத்தான் போறோம்னு. வாசிக்காம இருக்க முடியுமா முடியாதாங்கறது உங்க பாடு.


கோத்தகிரி_மூடுபனி:

பத்து நாளா பதில் போடல, மன்னிச்சுக்கங்க, கேரட் போயிட்டு இருந்துச்சு. பெட்டட்டி அண்ணா சொன்னதைக் கேட்டு கொள், கொம்பு எல்லாம் எடுத்துட்டேன், முகில்நாட்டுக்கு நானே வாத்தியம் செஞ்சுக்கறேன். யாழ் பின்னாடி போறதையும் தூக்கிட்டேன். யாருக்கும் எதையும் பின்னாடி கொண்டு போக முடியாது. முழவும் இப்ப வேகமாக்கறது இல்ல, யாமத்தைப் பிடிச்சு நிறுத்தும். 9ஆவது அத்தியாயத்தைத் திரும்ப எழுதினேன், அதுல ஒரு துண்டு போடறேன்.

"அப்பன் மூச்சு இழுக்க ஆரம்பிச்சப்போ எதிர் மலையில இருந்து முழவுச் சத்தம் வந்தது. தும்பை இன்னும் குச்சியையே எடுக்கவில்லை. அவள் அடுப்பில் சருகைத் தள்ளி முழவைத் தீக்குக் காட்டினாள், சுண்டிப் பார்த்தாள், அடித்தாள். யாமம் நின்றது. அப்பன் மூச்சு பாதியில் நின்று, போகாமல், வராமல், அப்படியே இருந்தது. தோல் இறங்கியது, மறுபடி காய்ச்சினாள். விறகு தீர்ந்ததும் கோழிக்கூண்டை உடைத்தாள். அதுவும் தீர்ந்ததும் கதவைக் கழற்றினாள். கதவு போன வாசல் வழியே பார்த்தபோது கீழ்ப் பள்ளம் முழுக்க வெள்ளையாக இருந்தது. பக்கத்து வீட்டுக்காரி விளக்கை வைத்துக்கொண்டு தன் செடிகளுக்கு நடுவே நின்றிருந்தாள். புல் போட்டு மூடியிருந்தாள், புல்லும் வெள்ளையாகியிருந்தது. அவள் சத்தம் எதுவும் போடவில்லை. தும்பை வீட்டுப் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றாள், அவ்வளவுதான். தும்பை கையில் இன்னும் ஒரு கதவுச் சட்டம் மிச்சம் இருந்தது."

இதுக்கு அப்புறம் சட்டத்தை அவ தீயில போடல, கீழ வச்சுட்டா. தோல் தானா இறங்குது. அப்பாவும்.

சித்தி பொண்ணுக்கு போன்ல படிச்சுக் காட்டினேன். ரொம்ப நேரம் லைன்ல சத்தமே இல்ல, கட்டாயிருச்சோன்னு நினைச்சேன். அப்புறம், "அந்த வீட்டு அக்காவோட தேயிலை பொழைச்சுதா?"ன்னு கேட்டா. பாதி பொழைச்சுதுன்னேன். யாழைப் பத்தி அவ கேக்கல.